சூசை அண்ணை தந்த பன்றித் தலை

வேலைக்கு நேர்முகம் போன இடத்தில் "தெரியாது" என்று சொல்ல எனக்கு ஒருநாளும் வாய் வந்ததில்லை. "பிரெஞ்சு தெரியுமா?" என்று கேட்டால் கொஞ்சம் தெரியும் என்பேன். (அந்தக் கொஞ்சம் என்பது நன்றி சொல்லும் ஒரேயொரு சொல்.) ஆகவே, "முழுப் பன்றித் தலை ஒன்று, இரண்டு காதும் குறையாமல், முகத்தில் சிரிப்போடு, சனிக்கிழமை காலைக்குள் எடுக்க முடியுமா?" என்று ஜேர்மனியின் எசன் நகரில் ஒரு பெண் கேட்டபோதும், "அதில் ஒரு பிரச்சினையும் இல்லை" என்றுதான் சொன்னேன். ஒரு பெரிய கொரிய ஒளிப்பதிவாளரின் முதல் காட்சி நாலு மணித்தியாலம் பிந்தியதற்கும், என் அப்பா ஒரு இளஞ்சிவப்பு உண்டியலின் முன்னால் நெடுஞ்சாண்கிடையாக விழுந்ததற்கும் இந்த ஒரு வசனமே காரணம்.

அப்போது எனக்கு இருபத்தாறு வயது. கெல்சென்கிர்ச்சனில் அப்பா அம்மாவோடு இருந்துகொண்டு தமிழ்க் கலியாண வீடுகளுக்கு வீடியோ எடுத்தேன். தாலி கட்டும் நேரத்தில் குறுக்கே வரும் பெரியப்பாமாரைத் தள்ளிவிடுவதும், பிறகு மேசை மேசையாகப் போய் வாய் நிறையச் சோற்றோடு இருப்பவர்களைப் பதிவு செய்வதும்தான் என் கலை வாழ்க்கை. அப்பாவுக்கு அது தொழிலாகவே தெரியவில்லை. வரிக் கணக்கு அலுவலகம் ஒன்றில் எனக்கு ஆஸ்பில்டுங் இடம் பார்த்து வைத்திருந்தார். மூன்று வருடம் அங்கேயே வேலை பழகினால் ஆயுளுக்கும் கவலையில்லையாம். அதற்கான ஆன்ட்ராக் படிவம் சாப்பாட்டு மேசையில் உப்புப் போத்தலுக்குக் கீழே கிடந்தது. மாத முடிவுக்குள் எனக்கு உண்மையான சினிமா வேலை கிடைக்காவிட்டால் கையெழுத்துப் போட வேண்டும் என்பது எங்களுக்குள் ஒப்பந்தம். மாதம் முடிய ஒன்பது நாள் இருந்தது.

அந்த நேரத்தில்தான் ஹான் எசனுக்கு வந்தார்.

ஹான் யார் என்று கேட்பவர்களுக்கு அந்த நாட்களில் நான் அரை மணித்தியாலம் பதில் சொல்வேன். சின்ன வயதில் கோவிலில் முதல் நன்மை வாங்க ஞானோபதேசம் பாடமாக்கியதைப் போல அவருடைய தொழில் வாழ்க்கையைப் பாடமாக்கி வைத்திருந்தேன். துறைமுக ஊர் ஒன்றில் சிகையலங்காரக்காரரின் மகன். பத்தொன்பது வயதில் சினிமாவில் வயர் சுமக்கப் போனார். ஒன்பது வருடம் உதவியாளர். நடுவில் இரண்டு வருடம் மட்டும் என்ன செய்தார் என்று எந்தக் கட்டுரையிலும் இல்லை. (இந்தியாவுக்குப் போய்த் தியானம் செய்திருப்பார் என்று நானே முடிவு செய்திருந்தேன்.) அவர் தனியாக ஒளிப்பதிவு செய்த முதல் படம் எவ்வளவு இருட்டாக இருந்ததென்றால், தியேட்டர்காரர்கள் தங்கள் பல்ப் பழுதாகிவிட்டது என்று ஆள் கூப்பிட்டார்களாம். இரண்டாவதும் இருட்டு. மூன்றாவதற்குப் பரிசு கிடைத்தது. அதற்குப் பிறகு அந்த இருட்டுக்குக் கலை என்று பெயர் வந்தது. ஒரு மேகத்துக்காகப் பதினொரு நாள் காத்திருந்த மனிதர். மொத்தம் முப்பத்தொரு படம். அதில் நான் பார்த்தது நாலு. நாலாவதில் பாதி வழியில் நித்திரையாகிவிட்டேன்.

ரூர் பக்கத்துச் சுரங்கங்களில் வேலை செய்ய ஒருகாலத்தில் கொரியாவிலிருந்து ஆட்கள் வந்தார்கள். அவர்களைப் பற்றிய படம் அது. எசனில் மூடிக் கிடந்த ஒரு நிலக்கரிச் சுரங்கத்தில்தான் படப்பிடிப்பு. கமெராப் பிரிவுக்கு உள்ளூரில் ஒரு உதவியாளர் தேவை என்று அறிவித்திருந்தார்கள். அதற்கு முன் இரண்டு சினிமா வேலைகள் எனக்குத் தவறியிருந்தன. இரண்டையும் ஞாயிறு பூசை முடிந்ததும் அப்பா கோவில் வாசலில் நின்று எல்லாருக்கும் அறிவித்திருந்தார். அதனால் இந்த முறை வீட்டில், கண் டாக்டரிடம் டெர்மின், நேரம் தந்திருக்கிறார் என்று சொல்லிவிட்டுப் போனேன்.

நேர்முகம் எடுத்தவர் தயாரிப்பு நிர்வாகி ஸபீன. முகம் கொரியா, பேச்சு சுத்தமான எசன் ஜேர்மன். அவருடைய அப்பா அந்தச் சுரங்கத்திலேயே வேலை செய்தவர். மூலையில், ஜன்னல் வெளிச்சத்தில், ஒரு சின்ன மனிதர் மண்டரின் தோடம்பழம் உரித்துக்கொண்டிருந்தார். அது ஹான். நான் உடனே அவருடைய வாழ்க்கையை அவருக்கே ஒப்புவித்தேன். பனிப் படத்தில் அவர் வெள்ளையைக் கையாண்ட விதம் என்னை மனுசியாக்கியது என்றுகூடச் சொன்னேன். ஸபீன எல்லாவற்றையும் மொழிபெயர்த்தார். ஹான் ஒரு சுளையை வாயில் போட்டு, மென்று, விழுங்கி, கொஞ்சம் பேசினார்.

"பனிப் படம் அவர் எடுத்ததில்லையாம்," என்றார் ஸபீன. "ஆனால் நல்ல படம் என்கிறார்."

நான் எழும்பிப் போகப் பையை எடுத்தேன். அப்போது ஸபீன, "உன்னிடம் கார் இருக்கிறதா?" என்று கேட்டார். இருந்தது. அடுத்த கேள்விதான் பன்றித் தலை.

கொரியாவில் படப்பிடிப்பு தொடங்குமுன் ஒரு சடங்கு செய்வார்களாம். மேசையில் பழங்கள், அரிசிப் பணியாரம், நடுவில் அவித்த பன்றித் தலை. எல்லாரும் விழுந்து கும்பிட்டு, ஒருவருக்கும் அடிபடக்கூடாது, கமெரா பழுதாகக்கூடாது என்று வேண்டிக்கொள்வார்கள். தலை சிரித்தபடி இருந்தால் படம் நல்லபடி முடியும். ஸபீன இதைக் கொஞ்சம் வெட்கத்தோடு சொன்னார். எனக்கு விளக்கமே தேவைப்படவில்லை. நாங்கள் வேதக்காரர்தான், ஆனாலும் புதுக் கார் வாங்கியபோது ஃபாதர் தீர்த்தம் தெளித்துவிட்டுப் போன பிறகு, அப்பா அக்கம்பக்கம் பார்த்து நாலு சில்லுக்குக் கீழும் தேசிக்காய் வைத்தவர்.

"ஹான் மற்ற விஷயங்களில் மூடநம்பிக்கை இல்லாதவர்," என்றார் ஸபீன. "ஒரேயொரு படத்தில் தலை சிரிக்கவில்லை. கதாநாயகனுக்குக் கால் முறிந்தது. அதற்குப் பிறகு பன்றி சிரிக்காமல் அவர் கமெராவைத் தொடுவதில்லை. சனிக்கிழமை இதைச் சரியாகச் செய்தால், நாற்பது நாளும் கிளாப் அடிக்கிற வேலை உனக்கு."

நாற்பது நாள் சம்பளம். உண்மையான சினிமா. உப்புப் போத்தலுக்குக் கீழே கிடந்த ஆன்ட்ராக் காற்றில் பறந்து போவது எனக்கு அப்போதே தெரிந்தது.

ஜேர்மனியில் முழுப் பன்றித் தலை எடுப்பது லேசில்லை என்று அடுத்த நாள்தான் அறிந்தேன். இங்கே பன்றியை நீளவாக்கில் இரண்டாகப் பிளந்துதான் கடைக்கு அனுப்புகிறார்கள். முதல் இறைச்சிக்கடையில் பாதி முகம் இருந்தது. இரண்டாவதில் முழு முகம் இருந்தது. காதுகளை நாய்களுக்கு விற்றுவிட்டார்கள். மூன்றாவது கடைக்காரர் என்னை மேலும் கீழும் பார்த்து, "எதற்கு?" என்று கேட்டார். படத்துக்கு என்றேன். "படத்தில் இதற்கு என்ன வேடம்?" என்று அக்கறையோடு கேட்டார். விளக்கிச் சொன்னதும் மனிதர் உற்சாகமாகிவிட்டார். வியாழக்கிழமை மூன்று தலைகளை வரவழைத்து மேசையில் வரிசையாக வைத்தார். நான் மூன்றையும் படம் எடுத்து ஸபீனவுக்கு அனுப்பினேன். (கலியாண வீட்டில் பழகிய கை. "கொஞ்சம் சிரியுங்கோ" என்று வாய் தவறிச் சொல்லியும்விட்டேன்.) ஐந்து நிமிடத்தில் பதில் வந்தது. "ஹான் சொல்கிறார்: இரண்டாம் இலக்கம். ஆனால் வெளிச்சம் இடப்பக்கத்தால் வர வேண்டும்." கடைக்காரர் அதை அவித்து, தாளில் சுற்றி, நீலப் பை ஒன்றில் போட்டுத் தந்தார்.

வீட்டுக்குக் கொண்டுபோய், ஒருவருக்கும் சொல்லாமல், கீழே கெலரில், அதாவது நிலவறையில், இருக்கும் இரண்டாவது ஃபிரிட்ஜுக்குள் வைத்தேன். கண் டாக்டரிடம் போன பிள்ளை பன்றித் தலையோடு திரும்பியது ஏன் என்று எப்படி விளக்குவது? பையில் நான் ஒரு எழுத்தும் எழுதவில்லை.

இங்கே ஒரு வழக்கத்தைச் சொல்ல வேண்டும். எங்கள் பக்கத்துக் குடும்பங்கள் சேர்ந்து, விவசாயி ஒருவரிடம் முழு ஆடோ பன்றியோ வாங்கிப் பங்கு போடுவது உண்டு. அதை ஒழுங்கு செய்பவர் சூசை அண்ணை. எங்கள் கெலர்த் திறப்பு ஒன்று அவரிடமும் இருக்கிறது. வருவார், பங்கை ஃபிரிட்ஜில் வைப்பார், போவார். அந்த ஞாயிறு என் அக்காவின் மகளுக்குக் கோவிலில் முதல் நன்மை, வீட்டில் விருந்து. அதற்கான பன்றிப் பங்கு வியாழன் பின்னேரம் வந்து சேர்ந்தது, நீலப் பைகளில்.

ஸபீன உதவிக்குக் கூப்பிட்டதால் வெள்ளிக்கிழமை முழுவதும் நான் எசனில் நின்றேன். என்ன வேலை தெரியுமா? கமெராப் பெட்டிகளுக்குப் பெயர் ஒட்டுவது. கமெராப் பிரிவில் பெயர் இல்லாமல் ஒரு பொருளும் இருக்கக்கூடாது. உள்ளே என்ன, யார் வைத்தது, எப்போது வைத்தது என்று வெள்ளை டேப்பில் எழுதி நூற்றுக்கு மேற்பட்ட பெட்டிகளில் ஒட்டினேன். அதே நேரத்தில் கெல்சென்கிர்ச்சனில் என் பெயரில்லாத பை மேல்மாடிக்கு ஏறிக்கொண்டிருந்தது.

பின்னேரம் படிக்கட்டில் கால் வைத்ததுமே வாசம் வந்தது. வறுத்த தூள், கறுவா, பெருஞ்சீரகம். குசினியில் அம்மா எங்கள் வீட்டின் மிகப் பெரிய சட்டிக்கு முன்னால் நின்றார். முகம் பூரித்திருந்தது.

"பிள்ளை, சூசை அண்ணை இந்தமுறை தலையும் தந்திருக்கிறார். இத்தினை வரியத்தில ஒருநாளும் தந்ததில்லை. அதுவும் அவிச்சு, துப்புரவாக்கி. என்ன மனிசன், பார்."

"அம்மா, அது சூசை அண்ணை தந்ததெண்டு உங்களுக்கு என்னெண்டு தெரியும்?"

"ஏன், போன் எடுத்து நன்றி சொன்னனான்தானே. 'ஓம் அக்கா, உங்களுக்கெண்டுதான் பக்குவமா எடுத்து வைச்சனான்' எண்டவர்."

(சூசை அண்ணையை நான் குறை சொல்ல மாட்டேன். கிடைத்த நன்றியைத் திருப்பிக் கொடுக்க யாருக்கு மனம் வரும்?)

சட்டிக்குள் எட்டிப் பார்த்தேன். இரண்டாம் இலக்கத்தின் சிரிப்பு எந்தத் துண்டில் இருந்தது என்று சொல்ல முடியவில்லை. அப்பா கெலரில் வைத்துக் கைக்கோடாலியால் கொத்திக் கொடுத்தாராம். நான் குசினித் தரையில் இருந்து அழத் தொடங்கினேன். அழுதுகொண்டே ஹான், சுரங்கம், சடங்கு எல்லாவற்றையும் கக்கிவிட்டேன். இறைச்சிக்கடைக்குப் போன் எடுத்துப் பார்த்தேன், பூட்டிவிட்டார்கள்.

அப்பா கதவடியில் நின்று கேட்டுக்கொண்டிருந்தார். "அப்ப கண் டாக்டர்?"

"இல்லை அப்பா."

"கண்ணில ஒரு பிரச்சினையும் இல்லை?"

"இல்லை."

"அது மட்டில சந்தோஷம்," என்றார் அப்பா. "ஆன்ட்ராக்கைத் திங்கக்கிழமை நிரப்புவம்."

ஆனால் அம்மாவின் கவலை வேறாக இருந்தது. அவர் அகப்பையை வைத்துவிட்டு நெஞ்சில் சிலுவை போட்டுக்கொண்டார். "ஆரோ நேர்த்திக்கு வைச்சதை நான் கறியாக்கிப்போட்டன். அவையின்ர சாமி என்ன நினைக்கும்? இஞ்சேருங்கோ, நாளைக்கு நாங்களும் போய் அந்த மனிசனிட்ட மன்னிப்புக் கேக்க வேணும். வெறுங்கையோட போக ஏலாது. சட்டியையும் கொண்டு போவம்."

வெள்ளிக்கிழமை எங்கள் வீட்டில் மச்சம் மாமிசம் இல்லை என்பதால் கறியில் ஒருவரும் கை வைக்கவில்லை. (உப்புப் பார்க்கிற சாட்டில் அப்பா மூன்று தரம் பார்த்ததை நான் கணக்கில் எடுக்கவில்லை.)

அப்பா அலுமாரிக்கு மேலிருந்து எதையோ தேடி எடுத்தார். நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது வங்கியில் தந்த பன்றி உண்டியல். இளஞ்சிவப்பு, பீங்கான், ஒரு காது கொஞ்சம் உடைந்தது. "இந்தா," என்றார். "சிரிக்குது."

சனிக்கிழமை காலை ஒன்பது மணிக்குச் சுரங்க முற்றத்தில் நாற்பது பேர் நின்றார்கள். வெள்ளைத் தாள் விரித்த மேசையில் பழங்கள் அடுக்கி, நடுவில் ஒரு பெரிய வெறும் தட்டு. நான் உண்டியலை எடுத்து அந்தத் தட்டில் வைத்தேன். ஒருவர் இருமினார். ஸபீன என்னைப் பார்த்த பார்வையை எழுத எனக்கு இன்னும் துணிவில்லை. ஹான் கிட்ட வந்து உண்டியலைச் சுற்றி நடந்தார். உடைந்த காதைப் பார்த்தார். பிறகு கேட்டார்.

"இரண்டாம் இலக்கம் எங்கே என்கிறார்," என்றார் ஸபீன.

நான் அப்பாவும் அம்மாவும் நின்ற பக்கம் பார்த்தேன். பின்னாலிருந்து அம்மா, "என்னவாம்?" என்றார்.

"தலை எங்கயெண்டு கேக்கிறார் அம்மா."

அம்மா ஞாயிற்றுக்கிழமைச் சீலையோடு, சட்டியைத் தூக்கிக்கொண்டு முன்னால் வந்தார். மூடியைத் திறந்தார். "இஞ்ச."

அதை மொழிபெயர்க்க வேண்டியிருக்கவில்லை. காலையில் சூடாக்கிக் கொண்டுவந்த கறியின் ஆவி எழும்பி ஹானின் கண்ணாடியை மூடியது. அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, மறுபடி போட்டு, சட்டிக்குள் நெடுநேரம் பார்த்தார். மேகத்துக்காகப் பதினொரு நாள் நின்ற மனிதரல்லவா. எங்களுக்கு அது பதினொரு நாளாகவே இருந்தது. பிறகு சட்டியைத் தட்டில் வைக்கச் சொன்னார். உண்டியலை அதற்கு முன்னால் வைத்து, இரண்டு விரலால் கொஞ்சம் திருப்பி, பின்னுக்குப் போய்ப் பார்த்தார். கையைக் காட்டினார். ஒருவர் விளக்கைக் கொண்டுவந்து இடப்பக்கத்தில் பிடித்தார். சத்தியமாகச் சொல்கிறேன், அந்த வெளிச்சத்தில் அந்தப் பீங்கான் பன்றி நன்றாகச் சிரித்தது.

ஹான் முதலில் விழுந்து கும்பிட்டார். பிறகு இயக்குநர், நடிகர்கள், எல்லாரும். கொரிய வழக்கப்படி காசுத்தாளைப் பன்றியின் வாயில் செருக வேண்டும். எங்கள் பன்றிக்கு முதுகில்தான் வாய் என்பதால் கொஞ்சம் தடுமாறினார்கள். தன் முறை வந்ததும் அப்பா, கொரியர்கள் மண்டியிட்டதற்குத் தான் குறைந்தவரில்லை என்று காட்டுவதற்காகச் சுரங்க முற்றத்தில் முழு நீளத்துக்கும் விழுந்தார். எழும்பத்தான் இரண்டு பேர் தேவைப்பட்டார்கள்.

பிறகு சாப்பாடு. அங்கே படைத்ததை எல்லாரும் பகிர்ந்து சாப்பிட வேண்டுமாம். பத்து மணிக்கு எடுக்க இருந்த முதல் காட்சி இரண்டு மணிக்குத்தான் எடுக்கப்பட்டது. ஹான் மூன்று தட்டுச் சாப்பிட்டார். மூன்றாவது தட்டோடு என்னைக் கூப்பிட்டு, இது எப்படி நடந்தது என்று கேட்டார். வாழ்க்கையில் முதல் தடவையாக ஒரு வேலை விஷயத்தில் உண்மையைச் சொன்னேன். "பையில் நான் பெயர் எழுதவில்லை."

ஸபீன மொழிபெயர்த்ததும் ஹான் மெல்லுவதை நிறுத்தினார். பிறகு சிரிக்கத் தொடங்கினார். தட்டைக் கீழே வைக்குமளவுக்குச் சிரித்தார். உதவியாளராக இருந்த காலத்தில் அவரும் படம்பிடித்து முடிந்த ஃபிலிம் டப்பா ஒன்றில் பெயர் எழுதாமல் விட்டாராம். அடுத்த நாள் வேறொருவர் அதைப் புதிய ஃபிலிம் என்று நினைத்துக் கமெராவில் போட்டுவிட்டார். செத்த வீட்டுக் காட்சிக்கு மேல் கலியாணக் காட்சி பதிவாகி, மணப்பெண்ணின் மடியில் பிரேதம் படுத்திருந்ததாம். அன்றே துரத்திவிட்டார்கள். கட்டுரைகளில் இல்லாத அந்த இரண்டு வருடமும் அவர் தன் ஊரில் கலியாண வீடு எடுத்திருக்கிறார், மேசை மேசையாகப் போய்.

எனக்கு நம்பிக்கை பொங்கியது. இதோ, என்னை அணைத்து ஏற்றுக்கொள்ளப் போகிறார் என்று நினைத்தேன்.

"ஆனால்," என்றார் ஸபீன, "பெயர் எழுதாத ஆளைக் கமெராவின் பக்கம் விட மாட்டாராம். அவரையும் விடவில்லைத்தானே என்கிறார்." கொஞ்சம் தயங்கினார். "உன் அம்மா நாற்பது நாளும் சமைக்க வருவாரா என்று கேட்கிறார்."

நான் அம்மாவுக்குச் சொன்னேன். அம்மா என்னைப் பாவமாகப் பார்த்துவிட்டு, "எத்தினை பேரெண்டு கேள் பிள்ளை," என்றார்.

அன்று வீட்டுக்கு வந்ததும் அம்மா சாமான் பட்டியல் எழுதத் தாள் தேடினார். உப்புப் போத்தலுக்குக் கீழே ஒன்று கிடந்தது. திங்கட்கிழமை அப்பா பேனையோடு வந்து பார்த்தபோது, ஆன்ட்ராக்கின் பின்பக்கம் முழுக்க வெங்காயம், இஞ்சி, அரிசி என்று நிறைந்திருந்தது.

"இஞ்சருமப்பா, இது பிள்ளையின்ர எதிர்காலம்."

"பின்பக்கம் சும்மாதானே கிடந்தது," என்றார் அம்மா.

நான் அம்மாவின் உதவியாளரானேன். சட்டி தூக்கினேன், கார் ஓட்டினேன். வீம்புக்கு ஒவ்வொரு சட்டியிலும் வெள்ளை டேப் ஒட்டினேன்: உள்ளே என்ன, யார் சமைத்தது, எத்தனை மணிக்கு, உறைப்பா இல்லையா. இருபத்து மூன்றாம் நாள் கிளாப் அடித்தவர் நல்ல சம்பளத்துக்குப் பெர்லினுக்குப் போய்விட்டார். அன்று மத்தியானம் ஹான் தட்டோடு வரிசையில் நின்று, பருப்புச் சட்டியில் ஒட்டியிருந்ததை மூக்குக்கண்ணாடியை உயர்த்தி முழுவதும் வாசித்தார். ஸபீனவிடம் ஏதோ சொல்லிவிட்டு, பருப்பைப் போட்டுக்கொண்டு போனார்.

"நாளை ஆறு மணிக்குக் கமெராவுக்கு வரச் சொல்கிறார்," என்றார் ஸபீன. நான் அகப்பையைப் பருப்புக்குள் விழுத்திவிட்டேன். மிகுதி நாட்கள் முழுவதும் நான்தான் கிளாப் அடித்தேன். இன்றைக்கும் கமெரா உதவியாளராகத்தான் சாப்பிடுகிறேன்.

படம் எசனில் திரையிடப்பட்டபோது நாங்கள் குடும்பமாகப் போனோம். கடைசியில் பெயர்கள் ஓடின. அம்மாவின் பெயர் தனி வரியில், தெளிவாக வந்தது. என் பெயர் பிறகு வந்தது, ஒரு எழுத்துப் பிழையோடு. அப்பா முன்வரிசைக்காரர் திரும்பிப் பார்க்கக் கைதட்டியது எந்தப் பெயருக்கு என்று நான் கேட்கவில்லை.

சூசை அண்ணையும் எங்களோடு வந்திருந்தார். இப்போது எந்தக் கொண்டாட்டத்திலும் நான் அகப்பட்டால், பக்கத்தில் நிற்பவரின் தோளைத் தட்டிச் சொல்லுவார்: "இந்தப் பிள்ளை இண்டைக்குச் சினிமாவில நிக்குதெண்டால், அது நான் குடுத்த தலையால. கேட்டுப் பாருங்கோ." எல்லாரும் என்னைப் பார்ப்பார்கள். அம்மாவுக்கும் அப்பாவுக்கும் உண்மை தெரியும். இருவரும் தட்டைப் பார்த்துச் சிரிப்பார்கள். நான் "ஓம் அண்ணை" என்பேன். அடுத்த பங்கு வரும்போது எங்கள் பையில் தலை இருக்கும், அவித்து, துப்புரவாக்கி, மேலே அவருடைய கையெழுத்தில் ஒரு வெள்ளை டேப்போடு: "சூசை தந்தது."